முன்னுரையில் வந்த ஐயாவு

பாங்கர், வேல்ஸ்
2 ஜூன் 2024

அன்புள்ள மதிவதனி,

போனில் பேச வேண்டாம், எழுதிக்கொள்வோம் என்று நீங்கள் சொன்னது சரிதான். போன வாரம் பாதி நேரம் பதிப்பாளரைத் திட்டினோம், மீதி நேரம் லைன் இல்லை. மின்னஞ்சலில் வந்தாலும் இதைக் கடிதமாகவே படியுங்கள்.

என் புத்தகத்தை முழுக்க உங்கள் தமிழில் படித்துவிட்டேன். மூன்றாம் அத்தியாயம் நான் ஆங்கிலத்தில் எழுதியதைவிட நன்றாக இருக்கிறது. ஐந்து என்பதற்கு வெல்ஷில் 'பிம்ப்', ஐரிஷில் 'கூயிக்'. இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து, யாரும் எழுதி வைக்காத பழைய கெல்டிக் சொல்லை எப்படிக் கண்டுபிடிக்கிறோம் என்று நான் நாலு பக்கம் எழுதியிருந்தேன். நீங்கள் அதற்கு முன்னால் தமிழில் ஐந்து, மலையாளத்தில் அஞ்சு, கன்னடத்தில் ஐது என்று ஒரு வரி சேர்த்தீர்கள். எல்லாம் விளங்கிவிட்டது.

இனி குறைகள். நான்காம் அத்தியாயத்தில் 'அம்பக்தோஸ்'. சீசர் காலத்தில் கெல்டிக் தலைவர்களைச் சுற்றி இருந்த ஆட்களுக்கு இந்தப் பெயர். 'சுற்றி' என்ற ஒட்டும் 'ஓட்டு' என்ற வினையும் சேர்ந்தது. சுற்றிச் சுற்றி ஓட்டப்படுகிறவன். இதே சொல் வெல்ஷில் 'அமைத்' ஆகி உழவன் என்றானது. ஜெர்மனில் அரசு அலுவலகம். ஆங்கிலத்தில் நாட்டின் தூதரே இந்தச் சொல்லிலிருந்து வந்தவர்தான். நீங்கள் 'பணியாளர்' என்று போட்டிருக்கிறீர்கள். நகராட்சிப் பணியாளர் மாதிரி இருக்கிறது. 'பண்ணையாள்' என்று போட்டால் நம் பக்கத்து வாசகருக்குச் சட்டென்று பிடிபடும்.

அடுத்தது முன்னுரை. தமிழ்ப் பதிப்புக்காகவே எழுதியது அது. ஐந்து வயதில் எங்கள் வீட்டுப் பண்ணையாள் ஐயாவு என்னைத் தோளில் தூக்கிக்கொண்டு வாய்க்காலைக் கடந்ததையும், கரையில் இருந்த ஒவ்வொன்றுக்கும் சிரித்துக்கொண்டே பெயர் சொல்லித் தந்ததையும் எழுதியிருக்கிறேன். நான் மொழியியலுக்கு வந்ததே அந்த வாய்க்காலிலிருந்துதான். ஆங்கிலத்தில் 'ஹி' என்றிருப்பதை எல்லா இடத்திலும் 'அவர்' ஆக்கிவிட்டீர்கள். அவர் தூக்கினார், அவர் சிரித்தார். யாரோ தாசில்தார் வந்து என்னைத் தூக்கியதுபோல் இருக்கிறது. 'அவன்' என்று மாற்றிவிடுங்கள்.

கோபித்துக்கொள்ளாதீர்கள்.

மாளவிகா

*

தஞ்சாவூர்
9 ஜூன் 2024

அன்புள்ள மாளவிகா,

விடைத்தாள் திருத்தும் முகாமில் இருக்கிறேன். மின்விசிறி ஓடாத அறையில் நாற்பது பேர். தாமதத்துக்கு அதுதான் காரணம்.

'பண்ணையாள்' வேண்டாம். சீசர் பார்த்த ஆள் தலைவனோடு கூடவே போனவன். பிறகு என்னென்னவோ ஆனவன். பண்ணையாள் என்றால் இன்னொருவர் நிலத்தோடு கட்டிப் போடப்பட்ட ஆள். எங்கள் பக்கத்தில் அந்தச் சொல்லைக் கேட்டு முகம் மாறுகிறவர்கள் இன்னும் உயிரோடு இருக்கிறார்கள். பணியாளர் பிடிக்காவிட்டால் 'ஏவலாள்' என்று போடுகிறேன்.

முன்னுரையில் 'அவர்' அப்படியே இருக்கட்டும். முப்பது வயதைத் தாண்டிய ஓர் ஆணைப் பற்றி எழுதுகிறீர்கள். அச்சில் அப்படித்தான் எழுதுவோம்.

மேட்டூர் இந்த வருடம் பன்னிரண்டாம் தேதி திறக்காது என்று சொல்லிவிட்டார்கள். குறுவை போச்சு. ஊரிலிருந்து அப்பா போன் செய்தாலே ஆற்றைப் பற்றித்தான் பேச்சு. யாரிடமாவது எரிந்து விழ வேண்டும்போல் இருக்கிறது. அது நீங்களாக இருக்க வேண்டாம் என்று பார்க்கிறேன்.

மதிவதனி

*

பாங்கர்
15 ஜூன் 2024

அன்புள்ள மதிவதனி,

'ஏவலாள்' ஒப்புக்கொண்டேன். நல்ல சொல்.

ஆனால் 'அவர்' விஷயத்தில் என்னால் விட்டுக்கொடுக்க முடியாது. என் தொழிலின் முதல் விதி, கிடைத்த சான்றை அழகுபடுத்தக் கூடாது என்பது. எங்கள் வீட்டில் அவன் 'அவன்'தான். அப்பா, அம்மா, ஐந்து வயதில் நான், எல்லோரும் அப்படித்தான் சொன்னோம். இன்று நான் 'அவர்' என்று எழுதினால் எங்கள் வீடு அந்தக் காலத்திலேயே மரியாதை தெரிந்த வீடு என்று பொய் சொல்வதாகும். இன்றைய மொழியின் ஒலியைப் பழைய மொழியில் ஏற்றி எழுதும் மாணவனுக்கு நான் மதிப்பெண் போடமாட்டேன். எனக்கு மட்டும் எப்படிப் போட்டுக்கொள்வது?

அது அன்பாகச் சொன்ன 'அவன்' என்பதையும் நீங்கள் பார்க்க வேண்டும். கண்ணை மூடினால் அந்தத் தோளின் உயரம் இன்னும் தெரிகிறது. கீழே பழுப்புத் தண்ணீர். "தண்ணிக்கு வழி தெரியும் பாப்பா, பயப்படாத" என்று அவன் சொன்னது காதில் இருக்கிறது.

கோப்பில் நானே மாற்றிப் பதிப்பாளருக்கு அனுப்பிவிட்டேன். உங்களிடம் கேட்டிருக்க வேண்டும். ஆனால் கேட்டால் மறுப்பீர்கள் என்று தெரியும்.

மாளவிகா

*

தஞ்சாவூர்
24 ஜூன் 2024

மாளவிகா,

இதை எழுத ஒரு வாரம் ஆனது. நாலு முறை எழுதி அழித்தேன்.

ஐயாவு என் அப்பா.

நீங்கள் எழுதியிருக்கும் ஐயாவு, உங்கள் அப்பா வெங்கடசுப்ரமணியன் வீட்டில் வேலை பார்த்த ஐயாவு, எங்கள் அப்பாதான். இறந்துபோகவில்லை. எழுபத்து நாலு வயது. உங்கள் அப்பா நிலத்தை விற்றுவிட்டுச் சென்னைக்குப் போன பிறகு குத்தகைக்குப் பிடித்து, பிறகு சொந்தமாக வாங்கி, இன்றைக்கும் ஒன்றரை ஏக்கர் சாகுபடி செய்கிறார். என்னையும் என் தம்பி செழியனையும் படிக்க வைத்தவர். மேட்டூர் திறக்கவில்லை என்று தினமும் புலம்புகிறாரே, அதே ஆள்.

கிடைத்த சான்றை அழகுபடுத்தக் கூடாது என்று எனக்குப் பாடம் நடத்துகிறீர்கள். சரி. ஐந்து வயது உங்களை அப்பா என்ன சொல்லிக் கூப்பிட்டிருப்பார்? "சின்னம்மா, வாங்க." உங்கள் முன்னுரையில் அவர் "பாப்பா, பயப்படாத" என்கிறார். அந்த 'பயப்படாத' எங்கிருந்து வந்தது? உங்கள் பக்கத்து 'அவன்' மட்டும் உள்ளபடி வேண்டும். அவர் பக்கத்து 'வாங்க' இருந்தால் காட்சி கெட்டுவிடும், இல்லையா? எந்தப் பழைய சுவடியிலும் இல்லாத சொல்லுக்கு முன்னால் நீங்கள் நட்சத்திரக் குறி போடுகிறீர்களே, இது நாங்கள் கட்டிய சொல், பார்த்த சொல் இல்லை என்று. எங்கள் அப்பா பேசியதாக நீங்கள் எழுதிய ஒவ்வொரு வரிக்கும் ஒரு நட்சத்திரம் போடுங்கள்.

எங்கள் அப்பாவை 'அவன்' என்று என் கையால் தட்டச்சு செய்ய முடியாது. நீங்களே செய்துவிட்டீர்கள். மொழிபெயர்ப்பாளர் என்ற இடத்திலிருந்து என் பெயரை எடுத்துவிடுங்கள்.

மதிவதனி

*

பாங்கர்
26 ஜூன் 2024

மதிவதனி,

உங்கள் கடிதத்தைப் படித்துவிட்டு வகுப்புக்குப் போக முடியவில்லை.

மன்னிப்புக் கேட்கிறேன். ஆனால் அது மட்டும் சொல்லிவிட்டு நிறுத்தினால் நான் நேர்மையாக இருக்கமாட்டேன். எனக்கும் கோபம் இருக்கிறது. மைசூர்ப் பயிலரங்கில் சந்தித்ததிலிருந்து பத்து வருடப் பழக்கம். என் ஊர்ப் பெயரைச் சொன்ன அன்றே உங்களுக்குத் தெரிந்திருக்கிறது. நீங்கள் 'கீழ்வேளூர் பக்கம்' என்பதோடு நிறுத்திக்கொண்டீர்கள். முன்னுரை உங்கள் கையில் ஒரு மாதம் இருந்தது. 'அச்சில் அப்படித்தான் எழுதுவோம்' என்று ஒரு வரி எழுதினீர்கள். அந்த இடத்தில் 'இவர் என் அப்பா' என்று எழுதியிருந்தால் நான் இப்படி ஒரு கடிதம் எழுதியிருப்பேனா? தோண்டுகிறாள், தோண்டட்டும், எதில் போய் விழுகிறாள் பார்ப்போம் என்று இருந்தீர்களா?

ஐயாவு இருக்கிறார் என்பதே எனக்குச் செய்தி. அவரிடமே கேளுங்கள். அவர் எப்படிச் சொல்கிறாரோ அப்படியே போடுகிறேன். உங்கள் பெயரை எடுக்கமாட்டேன். அது உங்கள் தமிழ்.

மாளவிகா

*

தஞ்சாவூர்
14 ஜூலை 2024

மாளவிகா,

ஏன் சொல்லவில்லை என்று கேட்டீர்கள். மைசூரில் நீங்கள் ஊர்ப் பெயரைச் சொன்னதும் நானும் அதே ஊர் என்று சொல்லத்தான் வாயெடுத்தேன். அதற்குள் நீங்கள் பெருமாள் கோயில் குளத்தில் இப்போதும் தண்ணீர் நிற்கிறதா, யாருக்காவது தெரியுமா என்று எல்லோரையும் கேட்டீர்கள். நாங்கள் அந்தக் குளத்தில் இறங்கக் கூடாது. எனக்குப் பதில் தெரியவில்லை. அதற்கப்புறம் சொல்வதற்கு ஒரு நேரம் அமையவே இல்லை. முன்னுரை வந்தபோது, நீங்கள் அப்பாவை அன்போடுதான் எழுதியிருந்தீர்கள். ஒரு விகுதியை மாற்றினால் போதும், சொல்லாமலே சரியாகிவிடும் என்று நினைத்தேன். அது என் முட்டாள்தனம்.

சனிக்கிழமை ஊருக்குப் போனேன். அப்பா எழுதப் படிக்கத் தெரிந்தவர்தான். கண்ணில் புரை அறுவை முடிந்து இப்போதுதான் கட்டுப் பிரித்திருக்கிறார்கள். அதனால் நான் படித்துக் காட்டினேன். முதலில் 'அவர்' என்று. பிறகு உங்கள் 'அவன்'. இரண்டையும் கேட்டுவிட்டு, "இப்ப என்ன மாத்துன? ரெண்டும் ஒண்ணாத்தானே இருக்கு?" என்றார். எனக்கு அழுகையே வந்துவிட்டது. இதற்காகவா ஒரு மாதம் தூங்காமல் கிடந்தேன்? விளக்கிச் சொன்னேன். "அவங்க வீட்ல அப்புடித்தான் சொல்லுவாங்க, அதுக்கு என்ன இப்ப" என்றார். நான் அவருக்காகச் சண்டை போடுகிறேன், அவரோ பக்கத்து வயலில் யாரோ தண்ணீருக்குப் போர் போடுகிறார்கள் என்று எட்டிப் பார்த்துக்கொண்டிருக்கிறார்.

பிறகு அவராகவே கேட்டார். "நான் எப்பம்மா அந்தப் புள்ளயத் தூக்குனேன்?"

நீங்கள் எழுதியிருக்கிறீர்கள் என்றேன்.

"ஐயரு வீட்டுப் புள்ளய நான் தொட்டா என்ன நடக்கும்னு ஒனக்குத் தெரியாதா? புள்ளயக் குளிக்க வச்சுத்தான் உள்ள விடுவாங்க, என்னய அந்தப் பக்கமே விடமாட்டாங்க. அது வண்டில உக்காந்திருக்கும், அவங்க அப்பா மடில. வாய்க்காலு வந்தா நான் தண்ணில எறங்கி மாட்டப் புடிச்சிட்டு நடப்பேன்."

பெயர் சொல்லித் தந்ததைக் கேட்டேன். "வண்டி சாஞ்சா யாரு பொறுப்பு? எனக்கு மாட்டு மேலதான் கண்ணு. அந்த நேரத்துல பேசவே வராது" என்றார். சிரித்ததைக் கேட்கவில்லை. கேட்க மனம் வரவில்லை.

ஆக உங்களுக்கு அந்த உயரம் உண்மை. கீழே தண்ணீர் உண்மை. அவர் தண்ணீரில் நின்றதும் உண்மை. தோள் மட்டும் இல்லை.

அவர் என்றா, அவன் என்றா, எப்படிப் போடச் சொல்வது என்று கடைசியாகக் கேட்டேன். "ரெண்டும் வேணாம். என்னய அதுலேர்ந்து எடுத்துடச் சொல்லு. அதுக்கப்புறம் நாப்பது வருஷம் சொந்தமா நட்டு அறுத்திருக்கேன். அதப் பத்தி யாரும் வந்து கேக்கல" என்றார். அவ்வளவுதான். எழுந்து போர் போடுகிற இடத்துக்குப் போய்விட்டார்.

மதிவதனி

*

பாங்கர்
30 ஜூலை 2024

அன்புள்ள மதிவதனி,

முன்னுரையை எடுத்துவிட்டேன்.

எடுப்பதற்கு முன் சென்னைக்குப் போன் செய்து அம்மாவிடம் கேட்டேன். நான் சொல்வதே உண்மை என்று ஒருவராவது சொல்லமாட்டார்களா என்ற ஆசை. அம்மா யோசிக்கக்கூட இல்லை. "ஐயாவுவா? அவன் வாசப்படி தாண்டி வந்ததே கிடையாதே, ஒன்னை எப்படித் தூக்கியிருப்பான்? அப்பாதான் ஒன்னை மடியிலே வெச்சுண்டு வண்டியிலே வருவார்" என்றாள். ஒரே மூச்சில் அவன், அவர். பிறகு சாப்பிட்டாயா என்று கேட்டாள்.

சாப்பிடவில்லை. எனக்கு எரிச்சல் யார் மேல் என்று தெரியவில்லை. அம்மா மேலா, உங்கள் மேலா, என் மேலா? இருபது வருடமாக நான் செய்யும் வேலை இதுதான். வெல்ஷில் ஒரு துண்டு, ஐரிஷில் ஒரு துண்டு, லத்தீன்காரன் காதில் விழுந்த ஒரு துண்டு. இதை வைத்து இதற்குமேல் சொல்ல முடியாது என்று ஒரு கோடு கிழிப்போம். மற்றவர்கள் கோட்டைத் தாண்டினால் கடுமையாக மறுப்பு எழுதியிருக்கிறேன். ஒரு வண்டியையும் ஒரு வாய்க்காலையும் வைத்து நானே ஒரு தோளைக் கட்டிவிட்டேன். அதில்தான் இத்தனை வருடம் உட்கார்ந்திருந்தேன்.

பதிப்பாளர் கத்துகிறார். முன்னுரை இல்லாமல் இது ஏதோ வெள்ளைக்காரன் மொழியைப் பற்றிய புத்தகம், ஊர் வாசனை இருந்தால்தான் விற்கும் என்கிறார். அட்டை வேறு தயாராம். அனுப்பியிருந்தார். வேட்டியை மடித்துக் கட்டிய ஒருவர், தோளில் ஒரு சிறுமி, வாய்க்கால், அந்தி வெயில். பார்த்ததும் கணினியை மூடிவிட்டேன். அந்தப் படத்தைப் போட்டால் புத்தகமே வேண்டாம் என்று எழுதிவிட்டேன். பதில் இல்லை.

டிசம்பர் கடைசியில் வருகிறேன். உங்கள் அப்பாவைப் பார்க்கலாமா? எழுதுவதற்காக இல்லை.

மாளவிகா

*

தஞ்சாவூர்
11 ஆகஸ்ட் 2024

அன்புள்ள மாளவிகா,

பதிப்பாளர் என்னிடமும் பேசினார். மொழிபெயர்ப்பாளரே ஒரு முன்னுரை எழுதித் தரலாமே, 'ஐயாவுவின் மகள்' என்ற முறையில், அது இன்னும் நன்றாகப் போகும் என்றார். நான் சொன்ன பதிலை இங்கே எழுத முடியாது.

அட்டையை மாற்றச் சம்மதித்துவிட்டார். வெறும் எழுத்துகள் மட்டும். நான்காம் அத்தியாயத்தில் எல்லா இடத்திலும் 'ஏவலாள்' போட்டுவிட்டேன். என் பெயர் இருக்கட்டும். மூன்றாம் அத்தியாயம் எனக்கும் பிடித்திருக்கிறது.

மேட்டூர் ஒருவழியாகத் திறந்துவிட்டார்கள். அப்பா சம்பாவுக்கு நாற்றங்கால் தயார் செய்கிறார். நீங்கள் வருவதைச் சொன்னேன். வரட்டும் என்றும் சொல்லவில்லை, வேண்டாம் என்றும் சொல்லவில்லை. வந்தால் எதுவும் வாங்கிக்கொண்டு வராதீர்கள். வேட்டி, பழத்தட்டு, எதுவும்.

மதிவதனி

*

சென்னை
9 ஜனவரி 2025

அன்புள்ள மதிவதனி,

கல்லூரியில் ஆய்வுக் குழு வந்ததால் நீங்கள் உடன் வர முடியவில்லை. அதனால் நடந்ததை எழுதுகிறேன்.

செழியன் கீழ்வேளூர் பஸ் ஸ்டாண்டிலிருந்து அழைத்துப் போய் வயல் பக்கம் விட்டுவிட்டு, மாட்டாஸ்பத்திரிக்குப் போக வேண்டும் என்று கிளம்பிவிட்டார். உங்கள் அப்பா தூரத்தில் வரப்பில் நின்றுகொண்டிருந்தார். கதிர் முற்றித் தலை சாய்ந்திருந்தது. எனக்கு முதுகு காட்டி நின்றார். நான் கூப்பிட வேண்டும்.

என்ன சொல்லிக் கூப்பிடுவது? இதை நான் யோசிக்கவே இல்லை. சின்ன வயதில் வெறும் பேர் சொல்லித்தான் கூப்பிட்டேன். அதை இப்போது சொல்ல முடியாது. 'அப்பா' என்று சொல்ல எனக்கு உரிமை இல்லை. 'பெரியப்பா', 'மாமா' எல்லாம் நாடகம். சொற்களோடு பிழைப்பு நடத்துகிற நான் அந்த வரப்பு முனையில் ஒரு சொல் கிடைக்காமல் நின்றேன். செருப்பில் சேறு ஏறிக்கொண்டிருந்தது. கடைசியில் "ஐயா" என்று கூப்பிட்டேன். குரல் சரியாக எழவில்லை.

திரும்பிப் பார்த்தார். "யாரு?" என்றார். வெங்கடசுப்ரமணியன் மகள் என்றேன். "வாங்க" என்றார். கொஞ்ச நேரம் அறுவடை இயந்திரம் கிடைக்காததைப் பற்றிப் பேசினார். மழை பெய்தால் எல்லாம் படுத்துவிடும் என்றார். நான் தலையாட்டினேன். பிறகு என்ன வேலை பார்க்கிறீர்கள் என்று கேட்டார். ரொம்பப் பழைய காலத்து ஜனங்கள் என்ன பேசினார்கள் என்று கண்டுபிடிக்கிற வேலை, அவர்கள் எழுதி வைக்கவில்லை, அதனால் நாங்கள் தேடிப் பிடிக்கிறோம் என்றேன்.

"அவங்கள்ல யாராச்சும் இப்ப இருக்காங்களா?"

"இல்ல."

"அப்ப சௌகரியம்" என்றார்.

கிண்டலா என்று முகத்தைப் பார்த்தேன். தெரியவில்லை. எனக்குச் சொல்ல வேண்டியது நிறைய இருந்தது. எதைச் சொன்னாலும் அவருக்கு அதைத் தூக்கிச் சுமக்கிற வேலைதான் மிஞ்சும் என்று தோன்றியது. எழுதியதை எடுத்துவிட்டேன் என்று மட்டும் சொன்னேன். "பாப்பா சொல்லுச்சு" என்றார். உங்களைத்தான் சொன்னார். செழியன் வந்ததும் "போய்ட்டு வாங்க" என்றார். வந்துவிட்டேன்.

நாற்பது வருடத்துக்குப் பிறகு போய், என்ன செய்துவிட்டு வந்தேன் என்று எனக்கே தெரியவில்லை. 'ஐயா' என்று ஒரு முறை கூப்பிட்டேன். அது மட்டும்தான் கணக்கு.

புத்தகம் கண்காட்சியில் கடைசி அலமாரியில் இருக்கிறது. உங்கள் பெயரை மிகச் சின்னதாகப் போட்டிருக்கிறார்கள். சண்டை போட்டுவிட்டு வந்தேன்.

மாளவிகா

*

தஞ்சாவூர்
19 ஜனவரி 2025

அன்புள்ள மாளவிகா,

பொங்கலுக்கு ஊருக்குப் போயிருந்தேன். அறுவடை முடிந்தது. ஈரப்பதம் அதிகம் என்று கொள்முதல் நிலையத்தில் நெல்லைத் திருப்பி அனுப்பிவிட்டார்கள். ரோட்டில் கொட்டிக் காய வைத்துக்கொண்டிருக்கிறார்கள். அப்பா தார்ப்பாயும் கையுமாக ரோட்டிலேயே குடியிருக்கிறார்.

நீங்கள் வந்ததைப் பற்றி அவராக எதுவும் சொல்லவில்லை. நான்தான் கேட்டேன். "வந்துச்சு, நின்னுச்சு, போயிடுச்சு" என்றார். மாளவிகா என்ன பேசினார் என்றேன். நெல்லைக் காலால் கிளறிக்கொண்டே சொன்னார்: "என்ன பேசுச்சு? எம்புட்டுப் படிச்சு என்ன, இன்னமும் பேரு சொல்லித்தான் கூப்புடுது. ஐயாவுன்னு."

எனக்கு முதலில் புரியவில்லை. புரிந்ததும், அங்கேயே ரோட்டில் உட்கார்ந்துவிட்டேன். உங்கள் கடிதத்தைப் போனில் எடுத்து அந்த இடத்தைப் படித்துக் காட்டினேன். "பேரச் சொல்லலப்பா. ஐயான்னுதான் கூப்பிட்டிருக்காங்க. ஒங்களுக்குத்தான் கடைசி எழுத்து சேந்து கேட்டிருக்கு."

கிளறுவதை நிறுத்தினார். என் போனையே பார்த்துக்கொண்டு நின்றார். ஒரு லாரி வந்தது. நெல்லின் மேல் ஏற்றாமல் ஒதுங்கிப் போகும்படி கையைக் காட்டி அனுப்பிவிட்டுத் திரும்பினார்.

"அப்புடியா? அம்புட்டுத் தூரத்துல நின்னுச்சு, எப்புடிக் கேக்கும்? இன்னொரு வாட்டி வந்தா கிட்ட வந்து கூப்புடச் சொல்லு" என்றார்.

சொல்லிவிட்டேன்.

மதிவதனி